வீட்டுல தினமும் புழங்குற பொருள்கள்ல நமக்கே தெரியாத ஆபத்து எதுல இருக்கு?

எல்லாரும் பிளாஸ்டிக், நான்ஸ்டிக்னு எழுதிட்டீங்க, நான் காரைக்குடிக்காரன், ஈயச் சொம்பைப் பத்தி சொல்றேன்.

எங்க அப்பத்தாவுக்கு ரசம்னா ஈயச் சொம்புதான். அதைப் பாத்து ஆசைப்பட்டு தம்பி பொண்டாட்டி சந்தையில ஒண்ணு வாங்கிட்டு வந்துச்சு, விலையும் கம்மி. அப்பத்தா கையில வாங்குன உடனே "என்னாத்தா இந்தக் கனம் கனக்குது"ன்னாக. பேப்பர்ல தேய்ச்சுப் பாத்தா பென்சில்ல கிறுக்குன மாதிரி கோடு விழுது.

பிரச்சனையே பேர்லதான் இருக்கு. வெள்ளீயம்னா டின், காரீயம்னா லெட், ஆனா பேச்சுல நமக்கு ரெண்டும் ஈயம்தான். அந்தச் சொம்புல இருந்தது காரீயம், அதான் அந்தக் கனமும் கோடும். காரீயம் விலை மலிவு, அதே அளவு வெள்ளீயத்தை விட ஒன்றரை மடங்கு கனம், அதனால கலக்குறவனுக்கு எடையிலயும் லாபம். அந்த மாதிரி சொம்புல புளியைக் கரைச்சு ஊத்தி கொதிக்க வச்சா காரீயம் ரசத்துல எறங்கிரும், வாசம் ருசி எதுலயும் தெரியாது, எலும்புல போய் தங்கிக்கிரும், சின்னப் பிள்ளைகளுக்கு மூளை வளர்ச்சியையே கெடுக்கும். இந்த அளவு வரைக்கும் பரவாயில்லைன்னு ஒரு அளவே கிடையாது. கோடு விழலைன்னா சுத்தம்னும் நம்பிராதீங்க, கொஞ்சமா கலந்திருந்தா லேப்ல குடுத்தாத்தான் தெரியும்.

(நல்ல வெள்ளீயமா இருந்தாலும் வெறுஞ்சொம்பை அடுப்புல வச்சிராதீங்க, 232 டிகிரியிலயே உருகிரும். நான் ஒண்ணை உருக்கி அடுப்புல ஊத்தி அப்பத்தாகிட்ட வாங்கிக் கட்டியிருக்கேன்.)

பித்தளையும் அப்படித்தான். சீர்ச் சாமானா வந்த அண்டா குண்டாவை இப்ப ஃபேஷன்னு வெளிய எடுத்து, உள்பூச்சு போனது தெரியாம அதுல வெண்டைக்காய் மண்டி வைக்கிறாங்க, புளி பட்டா பித்தளையில இருக்குற செம்பு (காப்பர்) கரைஞ்சு வரும், வாந்தி வயித்துவலிதான். முன்னாடி ஈயம் பூசுறவர் தெருவுக்கே வந்து நவச்சாரம் போட்டு புகையப் புகைய பூசிட்டுப் போவாரு, இப்ப தேடிப் போகணும். போனா எந்த ஈயம்னு கேட்டுட்டு பூசக் குடுங்க. பழைய எனாமல் கிண்ணம் சில்லு பேந்திருந்தா ஷோகேஸ்ல வச்சுக்கங்க, சாப்பிட வேணாம், அந்தக் காலத்து சிவப்பு மஞ்சள் கலர்ல காட்மியம்ங்கிற விஷ உலோகத்தைச் சேர்த்திருப்பாங்க.

அந்தச் சொம்பைத் திருப்பிக் குடுக்கலாம்னு தம்பி கொண்டு போனான். கடைக்காரர் அசரவே இல்லை. "அழகுக்குத்தான் தம்பி வித்தேன், ரசம் வைக்கச் சொன்னேனா?"ன்னுட்டாரு.