வெனிசெலோஸ் கட்டுரைக்கு எந்தத் தேதியை எழுதுவது?

கேள்வி: கல்லூரி மலருக்காக, முதல் உலகப் போர்க்காலக் கிரேக்கப் பிரதமர் எலெஃப்தேரியோஸ் வெனிசெலோஸ் பற்றி எழுதுகிறேன். ஏதென்ஸில் நடந்த துப்பாக்கிச் சண்டைக்கு ஒரு புத்தகம் 1916 நவம்பர் 18 என்கிறது, இன்னொன்று டிசம்பர் 1 என்கிறது. எதை எடுத்துக்கொள்வது?

பதில்: இரண்டும் ஒரே வெள்ளிக்கிழமைதான். கிரேக்க அரசு 1923 வரை பழைய ஜூலியன் நாள்காட்டியை விடவில்லை. நம் வீட்டுச் சுவரில் தொங்கும் கிரெகோரியன் நாள்காட்டியைவிட அது 13 நாள் பின்னால் இருந்தது. 1923 பிப்ரவரி 15-க்கு மறுநாளை மார்ச் 1 ஆக்கித்தான் கணக்கை நேர்செய்தார்கள்.

நீங்கள் கேட்ட சண்டையே நல்ல உதாரணம். நேச நாடுகளோடு சேர வேண்டும் என்றார் வெனிசெலோஸ். நடுநிலையை விடமாட்டேன் என்றார் மன்னர் கான்ஸ்டன்டைன். 1915-இல் இரண்டு முறை பதவி விலகிய வெனிசெலோஸ், 1916-இல் தெசலோனிகியில் தனி அரசே அமைத்துவிட்டார். நாட்டுக்கு இரண்டு அரசு. ஆயுதங்களை ஒப்படைக்கச் சொல்லி பிரெஞ்சு, பிரிட்டிஷ் வீரர்கள் ஏதென்ஸுக்குள் வந்தபோது, மன்னர் தரப்புப் படையோடு மோதல் வெடித்தது. அப்புறம் அடி விழுந்தது நகரத்தில் இருந்த வெனிசெலோஸ் ஆதரவாளர்களின் வீடுகளிலும் கடைகளிலும். கிரேக்கர்கள் இதை 'நொவெம்வ்ரியானா', அதாவது நவம்பர் நிகழ்வுகள் என்கிறார்கள். 'டிசம்பர் 1-இல் நடந்த நவம்பர் நிகழ்வுகள்' என்று மொட்டையாக எழுதினால் படிப்பவர் அச்சுப்பிழை என்றே நினைப்பார். இங்கே மட்டும் பழைய தேதியையும் அடைப்புக்குள் கொடுங்கள்.

சில வாரங்களில் ஏதென்ஸ் பேராயர் வெனிசெலோஸைச் சபித்தார். அந்தச் சாபத்தின் அடையாளமாகக் கூட்டம் ஆளுக்கொரு கல்லாக வீசிக் குவித்தது. மேற்கு ஐரோப்பா கிறிஸ்துமஸ் கொண்டாடிய நாள் அது. ஏதென்ஸில் டிசம்பர் 12-தான்!

குழப்பம் இருப்பதில் பெரிய ஆபத்து இல்லை, இரண்டு கணக்கையும் கலப்பதில்தான் இருக்கிறது. போருக்குப் பின் ஓட்டோமன் பேரரசோடு நேச நாடுகள் செய்த செவ்ர் ஒப்பந்தம் கையெழுத்தானது 1920 ஆகஸ்ட் 10. இரண்டு நாள் கழித்து, பாரிஸின் லியோன் ரயில் நிலையத்தில் வெனிசெலோஸைச் சுட்டார்கள், பிழைத்துக்கொண்டார். இரண்டாவதை மட்டும் கிரேக்க நூலிலிருந்து எடுத்து ஜூலை 30 என்று போட்டால், ஒப்பந்தத்துக்கு முன்பே குண்டு பாய்ந்துவிடும். அதே ஆண்டு, கான்ஸ்டன்டைனின் மகனும் அடுத்த மன்னருமான அலெக்சாண்டர் குரங்கு கடித்து இறந்தது புதுக் கணக்கில் அக்டோபர் 25. வெனிசெலோஸ் தோற்ற தேர்தல் பழைய கணக்கில் நவம்பர் 1. அப்படியே பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒரு வார இடைவெளி போலத் தெரியும். தேர்தல் உண்மையில் நவம்பர் 14, இடைவெளி 20 நாள். தேர்தலின் பழைய தேதி, புதுத் தேதி இரண்டுமே நவம்பர் என்பதால் இந்தப் பிழை கண்ணில் படவே படாது.

சரி, வழி என்ன? கட்டுரை முழுக்கப் புதுத் தேதியே போடுங்கள். சந்தேகம் வந்தால் கிழமையைப் பாருங்கள். எந்த நாள்காட்டியிலும் கிழமை மாறாது. 1920 தேர்தல் ஞாயிற்றுக்கிழமை. உங்கள் கையில் இருக்கும் தேதி புதுக் கணக்கில் திங்களாக வந்தால் அது பழைய தேதி. '18/1' என்று கோடு போட்டு இரண்டு எண் இருந்தால் முதலாவது பழையது. 19-ஆம் நூற்றாண்டுக்கு மட்டும் 13 அல்ல, 12 நாள் கூட்ட வேண்டும்: வெனிசெலோஸ் கிரீட் தீவில் பிறந்த 1864 ஆகஸ்ட் 11, நமக்கு ஆகஸ்ட் 23. அவர் பாரிஸில் இறந்த 1936 மார்ச் 18-ஐத் தொட வேண்டாம், அது ஏற்கெனவே புதுக் கணக்கு.