பட்டா பெயர் மாறிவிட்டது, நிலம் போய்விடுமா?

தாசில்தார் நோட்டீஸ் தராமலே உங்கள் நிலத்தின் பட்டாவைப் பக்கத்து நிலத்துக்காரர் பெயருக்கு மாற்றிவிட்டார், நிலம் போய்விடுமா என்று கேட்கிறீர்கள். போகாது. பட்டா வருவாய்ப் பதிவுதான்; உரிமைக்கு ஆதாரம் உங்கள் கிரயப் பத்திரம். தாசில்தாரின் அந்த உத்தரவை எதிர்த்து, 1983ஆம் ஆண்டு தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் 12ஆம் பிரிவின்படி கோட்டாட்சியரிடம் (ஆர்.டி.ஓ.) மேல்முறையீடு செய்யுங்கள். காலக்கெடு உண்டு, உத்தரவு நகலுக்கு இன்றே மனுப் போடுங்கள்.

பத்திரத்தில் பழைய சர்வே எண் மட்டும் இருக்கிறது என்கிறீர்களே, குழப்பம் அங்கேதான் தொடங்கியிருக்கும். நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த யு.டி.ஆர். திட்டத்தின் சமயத்தில் பல ஊர்களில் உட்பிரிவு எண்கள் மாறின. பழைய, புதிய ‘அ’ பதிவேட்டு (கிராம நிலப் பதிவேடு) நகல்களையும் புலப்படத்தையும் (நில அளவை வரைபடம்) வாங்கி, பத்திரத்தின் நான்கெல்லையோடு ஒப்பிடுங்கள். இரண்டு எண்களுக்கும் வில்லங்கச் சான்று போட்டு, பதிவான பத்திரங்களைப் பாருங்கள்.

ஒன்று மட்டும்: பக்கத்துக்காரர் வேலி போட வந்தால் கோட்டாட்சியரை நம்பிக் காத்திருக்க வேண்டாம். உரிமையை முடிவு செய்வது உரிமையியல் நீதிமன்றமே. அடங்கல் (சாகுபடிப் பதிவு), கிஸ்தி (நிலவரி) ரசீதுகளோடு, நிலம் உங்களுடையது என்ற விளம்புகையும் அவரைத் தடுக்கும் உறுத்துக்கட்டளையும் கேட்டு வழக்குப் போடுங்கள்.