கிழக்கு ஜெர்மனியின் பள்ளிக்கூடங்கள்

கேள்வி: கம்யூனிச ஆட்சியில் கிழக்கு ஜெர்மனியின் பள்ளிக்கல்வி எப்படி இருந்தது? இரு ஜெர்மனிகளும் இணைந்தபின் அது முற்றாக மறைந்துவிட்டதா?

பதில்: 1959-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பின், அங்கே பெரும்பாலான பிள்ளைகள் பத்து வகுப்புகள் கொண்ட ஒரே வகைப் பள்ளியில் சேர்ந்து படித்தார்கள், தொழிற்சாலைகளுக்குச் சென்று வேலை பழகுவதும் பாடத்திட்டத்தின் பகுதியாக இருந்தது. சுமார் பத்து வயதிலேயே பிள்ளைகளைத் தரம் பிரித்த மேற்கு ஜெர்மன் முறையைவிட, இந்த அம்சத்தில் அது நியாயமானது என்றே கருதுகிறேன். ஆனால் பல்கலைக்கழகத்துக்கு இட்டுச்செல்லும் மேல்வகுப்புகளில் இடம் பெற மதிப்பெண் மட்டும் போதவில்லை. குடும்பப் பின்னணியும் அரசியல் விசுவாசமும் பார்க்கப்பட்டதால், திருச்சபைப் போதகர்களின் பிள்ளைகள் பலர் திறமையிருந்தும் வெளியே நிறுத்தப்பட்டார்கள். பெற்றோரின் நம்பிக்கைக்காகப் பிள்ளையின் படிப்பைப் பறித்த அந்தச் செயல் மன்னிக்கத்தக்கதன்று. 1963 முதல் 1989 வரை கல்வி அமைச்சராக இருந்த மார்கோட் ஹோனெக்கரின் காலத்தில், 1978-இல், திருச்சபைகளின் எதிர்ப்பையும் மீறி, ஒன்பதாம் வகுப்பில் இராணுவப் பாடமும் நுழைந்தது.

1990-க்குப் பின் கட்டாய ருஷ்ய மொழியும் அரசியல் பாடமும் நீங்கி, மேற்கின் பல்வகைப் பள்ளிமுறை வந்தது. எனினும் கிழக்கு மாநிலங்களான சாக்சனியும் துரிங்கியாவும், மேல்வகுப்புகளையும் சேர்த்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் முடியும் பழைய பள்ளிப்படிப்பை விடாமல் காத்தன. பதின்மூன்று ஆண்டுகள் கற்பித்துவந்த மேற்கு மாநிலங்கள் பலவும் பின்னர் அதே கால அளவுக்கு மாறின, அவற்றுள் சில மீண்டும் பதின்மூன்று ஆண்டுகளுக்கே திரும்பின.