கேள்வி பதில்: மண் டிராக்கும் இன்ஜின் பட்டறையும்

கார் பந்தயத்தில் ஓட்டுவது ஒருவர், இன்ஜின் செய்வது இன்னொருவர் என்றுதான் கேள்விப்பட்டிருக்கிறேன். இரண்டிலும் பெயர் வாங்கியவர் யாராவது உண்டா?
– ஒரு வாசகர், கோவை

உண்டு, அமெரிக்காவின் லூயிஸ் மேயர். 1904இல் நியூயார்க் பக்கம் பிறந்தவர். கலிபோர்னியாவில் அண்ணன் எடியின் பட்டறையில் ஸ்பானர் பிடித்துத் தொழில் கற்றவர். எடியும் பந்தயக்காரர், இன்ஜின் வேலையில் கெட்டிக்காரர். இண்டியானாபோலிஸ் 500 மைல் பந்தயத்தை மூன்று முறை ஜெயித்த முதல் ஆள் லூயிஸ்தான்: 1928, 1933, 1936.

எனக்குப் பிடித்தது அந்த மூன்றாவது வெற்றி. அந்த வருடம் ஒரு காருக்கு 37.5 கேலன் எரிபொருள்தான் என்று கட்டுப்பாடு போட்டிருந்தார்கள், அதாவது சுமார் 142 லிட்டர், அதை வைத்துக்கொண்டு 805 கிலோமீட்டர் ஓட வேண்டும், அதுவும் பந்தய வேகத்தில். மேயர் கிளம்பியது 28ஆவது இடத்திலிருந்து. இன்ஜினை எங்கே விரட்டலாம், எங்கே விட்டுப்பிடிக்கலாம் என்று காதாலேயே கணக்குப் போடத் தெரிந்த மெக்கானிக்கால்தான் அப்படி ஓட்ட முடியும். சராசரி வேகம் மணிக்கு 175 கிலோமீட்டர். வேகம் மட்டும் தெரிந்தவனுக்கு அன்றைக்கு டேங்க் பாதியிலேயே காலியாகியிருக்கும்.

அவர் செய்த இன்ஜின் எது? இண்டியானாபோலிஸுக்கு மட்டும்தானா?
– ஒரு வாசகி, சிவகாசி

ஆஃபன்ஹவுசர். அமெரிக்கப் பந்தயக்காரர்கள் செல்லமாக ‘ஆஃபி’ என்பார்கள். இது மேயர் கண்டுபிடித்தது அல்ல, அதைச் சொல்லிவிட வேண்டும். பந்தய இன்ஜின் செய்துவந்த ஹாரி மில்லரின் பட்டறையில் பிறந்தது, வரைபடம் லியோ கூசன் கைவண்ணம். மில்லர் 1933இல் திவாலானதும் அங்கே வேலை பார்த்த ஃபிரெட் ஆஃபன்ஹவுசர் எடுத்து நடத்தினார். 1939இல் இண்டியானாபோலிஸில் பந்தயம் முடியச் சில சுற்றுகளே இருக்கும்போது விபத்தில் சிக்கி ஓட்டுவதை விட்ட மேயர், 1946இல் டேல் டிரேக்குடன் கூட்டுச் சேர்ந்து அந்தத் தொழிலையே வாங்கிவிட்டார். அப்புறம் நடந்ததைப் பாருங்கள்: 1947 முதல் 1964 வரை 18 வருடமும் இண்டியானாபோலிஸில் ஜெயித்த ஒவ்வொரு காரிலும் இருந்தது ஆஃபிதான்.

ஆனால் அதன் உண்மையான ராஜ்ஜியம் மண் டிராக். லாங்ஹார்ன், டுக்வாயின், ஸ்பிரிங்ஃபீல்டு என்று ஒரு மைல் சுற்றளவுள்ள மண் தடங்களில் நடந்த பந்தயங்களும் அப்போது தேசிய சாம்பியன் பட்டக் கணக்கில் சேரும், 1970 வரை இந்த வழக்கம் இருந்தது. சின்ன மிட்ஜெட் கார்களுக்கு என்று 1.6 லிட்டரில் தனி ஆஃபியே உண்டு.

மண் டிராக்குக்கு ஏன் அந்த இன்ஜின் அவ்வளவு பொருந்தியது?
– ஒரு பாலிடெக்னிக் மாணவர், சேலம்

மண்ணில் திருப்பத்தில் காரை ஸ்டீயரிங் மட்டும் திருப்பாது. பின்சக்கரம் வழுக்கிக்கொண்டே போகும், ஆக்சிலரேட்டரை மிதிப்பதும் தளர்த்துவதுமாக வலது காலால்தான் பாதி திருப்ப வேண்டும். அதற்கு, மிதித்த உடனே இழுவை வேண்டும். பெரிய ஆஃபி 4.4 லிட்டர், சிலிண்டரோ நாலே நாலு, கணக்குப் பண்ணினால் ஒவ்வொன்றும் ஒரு லிட்டருக்கு மேல்! இன்ஜின் மெதுவாகச் சுற்றும்போதே வரும் அந்த இழுவை ஓட்டுகிறவனுக்குப் பெரிய தைரியம்.

இன்னொன்று, சிலிண்டரின் மேல்மூடியான ஹெட்டும், சிலிண்டர்கள் இருக்கும் பிளாக்கும் ஒரே வார்ப்பு. நடுவில் கசிவைத் தடுக்கும் ஹெட் கேஸ்கெட் கிடையாது, ஆகவே அது அழுத்தத்தில் பிய்ந்து போகும் பேச்சே இல்லை, மெத்தனால் என்ற ஆல்கஹால் எரிபொருளை ஊற்றிக் கம்ப்ரஷனை, அதாவது சிலிண்டருக்குள் கலவையை அழுத்தும் அளவை, தாராளமாக ஏற்றலாம். இதற்கு ஒரு விலையும் உண்டு: வால்வு வேலை வந்தால் ஹெட்டை மட்டும் கழற்ற வழியில்லாததால் மொத்த பிளாக்கையும் பிரித்து எடுத்து, சிலிண்டருக்குள் அடியிலிருந்து கைவிட்டுத்தான் பார்க்க வேண்டும். நீங்கள் பயிலும் ஒர்க்‌ஷாப்பில் ஒரு சாதாரண நாலு சிலிண்டர் இன்ஜினின் ஹெட்டைக் கழற்றும்போது இதை நினைத்துப் பாருங்கள், எது லாபம் எது நஷ்டம் என்று நன்றாகப் புரியும்.

இண்டியானாபோலிஸில் ஜெயித்தவர் பால் குடிப்பதை ஆரம்பித்தது மேயரா?
– ஒரு வாசகர், தஞ்சாவூர்

ஆமாம், ஆனால் அவர் குடித்தது மோர். 1936இல் அவர் மோர் குடிக்கும் படம் வெளியானது, பால் வியாபாரிகள் அதைப் பிடித்துக்கொண்டார்கள்.

ஆஃபியின் காலம் எப்படி முடிந்தது?
– ஒரு வாசகர், ஓசூர்

1965இல் ஸ்காட்லாந்து ஓட்டுநர் ஜிம் கிளார்க், பின்பக்கம் ஃபோர்டின் எட்டு சிலிண்டர் வி8 இன்ஜின் பொருத்திய லோட்டஸ் காரில் இண்டியானாபோலிஸில் ஜெயித்ததும் தொடர் வெற்றி அறுந்தது. அந்தச் சமயத்தில்தான் மேயர் டிரேக்கிடமிருந்து பிரிந்து, அதே ஃபோர்டு பந்தய இன்ஜின்களைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பை ஏற்றார். சிலர் இதைக் கட்சி மாறியதாகச் சொல்வார்கள், எனக்கு அப்படித் தோன்றவில்லை. நல்ல இன்ஜின் எங்கே இருக்கிறதோ அங்கே போவது அவர் சுபாவம். டிரேக் விடாமல் ஆஃபிக்கு டர்போ (கூடுதல் காற்றை இன்ஜினுக்குள் திணிக்கும் கருவி) மாட்டினார், அது 1968இலும், பிறகு 1972 முதல் 1976 வரை ஐந்து வருடமும் ஜெயித்தது.