மருந்து பில் மங்கிப் போச்சு, கேஸ் நிக்குமா?

கேள்வி: நாங்க புதுவயல். வீட்டுக்காரர் ரைஸ் மில்லுல லோடுமேன். நாலு மாசத்துக்கு முன்ன மேலூர் பக்கம் இவர் பைக்கைப் பின்னாலேர்ந்து ஒரு கார் இடிச்சு, வலது கால் எலும்பு முறிஞ்சு, மதுரையில பிரைவேட் ஆஸ்பத்திரியில ஆபரேஷன் பண்ணி பிளேட் வச்சிருக்கு. மூணு லட்சத்துக்கு மேல செலவு, நகையெல்லாம் அடகுல இருக்கு. மருந்து பில்லுல பாதியைக் காணோம், இருக்கறதும் எழுத்து மறைஞ்சு வெள்ளையாயிருச்சு. நஷ்டஈடு கேட்டு கேஸ் போட்டா, பில் இல்லாத செலவுக்குப் பைசா கிடைக்காதுங்கறாங்க. நிஜமா?

பதில்: தங்கச்சி, உங்க லெட்டரைப் படிச்சதும் எங்க அண்ணன் கேஸ்தான் ஞாபகம் வந்துச்சு. அவருக்குக் கை உடைஞ்சப்ப எங்க ஆத்தா பில்லையெல்லாம் ஒரு தூக்குவாளியில போட்டுப் பத்திரமாத்தான் வச்சிருந்தாங்க, ஆனா கோர்ட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் பார்த்தா முக்காவாசி வெத்துப் பேப்பர், மிச்சத்துல பேஷண்ட் பேரே இல்ல, வெறும் தொகைதான். இது உங்களுக்கு வாங்குன மருந்துதான்னு எப்படிச் சொல்றீங்கன்னு இன்சூரன்ஸ் வக்கீல் கேட்டப்ப அண்ணனுக்கு வாயே வரல. அந்தப் பணம் போனது போனதுதான். உங்களுக்கு அப்படி ஆகக்கூடாது.

முதல்ல ஆஸ்பத்திரிக்குப் போங்க. மெடிக்கல் ரெக்கார்ட் செக்‌ஷன்னு ஒண்ணு இருக்கும், அங்க கேஸ் ஷீட், டிஸ்சார்ஜ் சம்மரி, ஃபைனல் பில் எல்லாத்துக்கும் காப்பி வேணும்னு எழுதிக் குடுங்க. உள்நோயாளி ரெக்கார்டை மூணு வருஷம் வச்சிருக்கணும், கேட்டா 72 மணி நேரத்துக்குள்ள குடுக்கணும்னு டாக்டர்களுக்கான 2002ஆம் வருஷ ஒழுக்க விதியிலயே இருக்கு, அதனால தயங்காம கேளுங்க. மெடிக்கல் ஷாப்ல இப்ப பெரும்பாலும் கம்ப்யூட்டர் பில்லுதான், தேதியும் பேரும் சொன்னா டூப்ளிகேட் எடுத்து சீல் வச்சுக் குடுப்பாங்க. ஜிபேல கட்டியிருந்தா பேங்க் ஸ்டேட்மென்ட்டும் எடுத்து வைங்க. மிச்சம் இருக்கிற மங்கின பில்லை இன்னைக்கே ஜெராக்ஸ் போட்டு போட்டோவும் எடுத்துருங்க, தயவுசெஞ்சு லேமினேட் மட்டும் பண்ணிடாதீங்க, அந்தச் சூட்டுல பேப்பர் மொத்தமா கறுத்துப் போயிரும்.

பில் மட்டும் இருந்தாப் பத்தாது. டாக்டர் எழுதின சீட்டு, அந்தத் தேதியில வாங்கின பில், டிஸ்சார்ஜ் சம்மரியில இருக்கிற காயம், இந்த மூணும் ஒண்ணுக்கொண்ணு பொருந்தணும். நம்ம பக்கம் கல்யாணச் செலவுக்குச் சிட்டை எழுதுவோமே, அதே மாதிரி ஒரு நோட்டுல தேதிவாரியா எழுதி, ஒவ்வொரு வரிக்கும் நேரா அந்தச் சீட்டையும் பில்லையும் சேர்த்து வைங்க, வக்கீலுக்கு அதுவே பாதி வேலை முடிஞ்ச மாதிரி. இதுல ஒரு பெரிய தப்பு நடக்கும், கவனம்: அட்மிஷன்ல கட்டின அட்வான்ஸ் ஃபைனல் பில்லுலயும் வந்துருக்கும், ரெண்டையும் கூட்டிராதீங்க. ஒரு இடத்துல டபுளா வந்தாப் போதும், நல்ல பில்லையும் சந்தேகமாத்தான் பார்ப்பாங்க. அதே மாதிரி முதல் 48 மணி நேரம் அரசாங்கத் திட்டத்துல இலவசமா வைத்தியம் நடந்திருந்தா அதையும் சேர்க்காதீங்க, உங்க கையிலேர்ந்து போனதை மட்டும் காட்டுங்க.

அடகு ரசீதைத் தூக்கிப் போட்றாதீங்க. மருந்துச் செலவுக்கு அது நேரடி ஆதாரம் இல்லதான், ஆனா ஆபரேஷன் நடந்த அதே வாரத்துல நகை அடகுக்குப் போயிருக்குன்னா பணம் எங்கேர்ந்து வந்துச்சுங்கற கேள்விக்கு அது பதில் சொல்லும். இந்தக் கேஸ்ல கொலைக் கேஸ் மாதிரி சந்தேகத்துக்கே இடமில்லாம நிரூபிக்க வேண்டியதில்ல, நடந்திருக்கத்தான் வாய்ப்பு அதிகம்னு, விபத்து நஷ்டஈட்டுக் கேஸை விசாரிக்கிற தீர்ப்பாயத்துக்குத் தோணினாப் போதும்.

பில்லே இல்லாத செலவுக்கு வர்றேன். 2010ல ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொன்ன பட்டியல்ல மருந்து, ஆஸ்பத்திரி மட்டும் இல்ல, போக்குவரத்து, சத்தான சாப்பாடும் இருக்கு. நீங்க வச்சுக் குடுத்த ஆட்டுக்கால் சூப்புக்கு யாரு பில் போடுவா? அதுக்கெல்லாம் தீர்ப்பாயம் ஒரு தொகை போட்டுக் குடுக்கும். ஆஸ்பத்திரியில கூடவே இருந்து பார்த்துக்கிட்டீங்கல்ல, அதையும் மனுவுல கேக்கலாம், பொண்டாட்டி பார்த்துக்கிட்டதுக்கு என்ன காசுன்னு விட்றாதீங்க. மதுரைக்கு டாக்ஸியில போனா டிரைவர்கிட்ட கையெழுத்து போட்ட ரசீது வாங்குங்க, வீட்டுக்கு வர்ற பிசியோதெரபிஸ்ட்கிட்டயும் வந்த தேதியைப் போட்டு லெட்டர்ஹெட்ல வாங்குங்க. பிளேட்டைப் பின்னாடி எடுக்கணும்னா எவ்வளவு ஆகும்னு ஆபரேஷன் பண்ணின டாக்டர்கிட்ட இப்பவே எழுதி வாங்கணும், வருங்காலச் செலவுக்கு டாக்டர் பேச்சு இல்லாம ஒண்ணும் நடக்காது. பிஸியா இருக்கேன், கோர்ட்டுக்கு வர முடியாதுன்னு அவர் சொன்னா கோர்ட் நியமிக்கிற கமிஷனர் வச்சு சாட்சியம் பதிவு பண்ணச் சொல்லி உங்க வக்கீல் கேக்கலாம்.

கடைசியா ஒண்ணு, இதுதான் அவசரம். விபத்து நடந்து ஆறு மாசத்துக்குள்ள மனு போடணும்னு 2022 ஏப்ரல்லேர்ந்து சட்டம் இருக்கு, உங்களுக்கு நாலு மாசம் ஓடிப் போச்சு. பில்லெல்லாம் சேரட்டும்னு உக்காந்திருக்காதீங்க, மனுவைப் போட்டுட்டு சாட்சியம் நடக்குறப்ப ஒரிஜினல் பில்லைத் தாக்கல் பண்ணிக் குறியீடு பண்ணிக்கலாம், அதாவது ஆதாரமா நம்பர் போட்டுப் பதிவு பண்ணிக்கலாம். விபத்து மேலூர்ல நடந்தாலும் நீங்க குடியிருக்கிற பகுதிக்கான தீர்ப்பாயத்துலயே போடலாம், அந்தக் காலை வச்சுக்கிட்டு அவரை வாய்தாவுக்கு வாய்தா மதுரைக்கு இழுத்துட்டுப் போக வேண்டியதில்ல. இந்த வாரமே ஒரு வக்கீலைப் பாருங்க, போகும்போது எஃப்ஐஆர் காப்பியும் அந்தச் செலவு நோட்டும் கையில இருக்கட்டும்.