பின்னட்டையைத் திருப்புங்கள்: நீல் யங் ஆல்பங்கள் பற்றிய கேள்வி-பதில்

இந்த வாரக் கடிதங்களில் பாதி, கனடாவில் பிறந்த ராக் பாடலாசிரியர் நீல் யங்கின் ஆல்பங்களை வாங்கி மனம் நொந்தவர்கள் எழுதியவை.

கே: 'ஹார்வெஸ்ட்' (1972) கேட்டு மயங்கி, 'டிரான்ஸ்' (1982) வாங்கினேன். இயந்திரம் பாடுவதுபோல் இருக்கிறது. பணம் திரும்பக் கிடைக்குமா?

ப: கிடைக்காது. தட்டில் பழுதில்லை, குரலை இயந்திர ஒலியாக மாற்றும் வோகோடர் என்ற கருவி வழியே பல பாட்டுகளைப் பாடிய ஆல்பம் அது. மறு ஆண்டே ஐம்பதுகளின் பாணியில் இன்னொரு ஆல்பம் கொடுத்தார். 'இது உங்கள் பாணியே இல்லை' என்று அவருடைய ரெக்கார்டு கம்பெனியே 33 லட்சம் டாலர் கேட்டு வழக்குப் போட்டு, பிறகு கைவிட்டது. நீங்கள் எம்மாத்திரம்?

கே: அவர் பாட்டு ஒன்றும் கேட்டதில்லை. பெரிய பெட்டித் தொகுப்பு தள்ளுபடியில் வருகிறது. வாங்கலாமா?

ப: வேண்டாம்.

கே: 'ஆன் தி பீச்' சி.டி.யை '1990 அசல் பதிப்பு' என்று ஒருவர் பெரும் விலைக்கு விற்றார். உறையில் எழுத்து மங்கலாக இருக்கிறது.

ப: ஏமாற்றப்பட்டிருக்கிறீர்கள், உங்கள் மேல் தவறில்லை. 1974-இல் எல்.பி. இசைத்தட்டாக வந்த அந்த ஆல்பம் 2003 வரை முறையாக சி.டி.யில் வரவில்லை. அந்த இடைவெளியில்தான் கள்ளப் பதிப்புக்காரர்கள் பிழைத்தார்கள். விளம்பரத்தை இப்போதே படமெடுத்து வையுங்கள், விற்றவர் அழித்துவிடுவார். வங்கி அட்டையில் பணம் செலுத்தியிருந்தால் வங்கிக்கு எழுத்தில் புகார் கொடுங்கள். 'பாட்டு அதே பாட்டுதானே' என்பார். மசியாதீர்கள்.

கே: அவருடைய வளர்ச்சியை அறிய, வெளியான ஆண்டு வரிசையில் வாங்கிக் கேட்கிறேன். குழப்பமாக இருக்கிறது.

ப: குழம்பாவிட்டால்தான் ஆச்சரியம். இது என் நெடுநாள் ஆற்றாமை. 'டுநைட்ஸ் த நைட்' பெரும்பகுதி 1973-இல் பதிவானது, வந்தது 1975-இல். அதற்குப் பின் பதிவான 'ஆன் தி பீச்' முந்திக்கொண்டது. 1975-இல் தயாராகியும் பூட்டிவைத்த 'ஹோம்குரோன்' 2020-இல்தான் வெளியே வந்தது. 29 வயதுக் குரல், 74 வயதுக்காரரின் புது வரவாக அலமாரியில் உட்கார்ந்திருக்கிறது! 'புதியது' என்ற ஸ்டிக்கர் முன்னட்டையில். பதிவான தேதியோ, போட்டிருந்தால், பின்னால் எறும்பளவு எழுத்தில். மருந்துப் புட்டியில் தேதி பார்க்கிறவர்கள் இதில் மட்டும் ஏன் கண்ணை மூடிக்கொள்கிறீர்கள்?

நானும் ஒழுங்கில்லை. 'ஆர்க்' (1991) கச்சேரிப் பாட்டுகள் என்று நினைத்து, பின்பக்கம் பாராமல் வாங்கினேன். பாட்டு முடிகிற இடங்களில் எழும் கிதார் ஊளையை வெட்டி ஒட்டிய 35 நிமிடம். பிளேயர்தான் கெட்டுவிட்டதென்று ஒயரை இரண்டு முறை கழற்றி மாட்டினேன்.

கே: 'ஹார்வெஸ்ட் மூன்' (1992), 'ஹார்வெஸ்ட்' மறுபதிப்பா? ஒன்றையே இருமுறை வாங்கிவிட்டேனோ?

ப: இல்லை. இருபது ஆண்டு கழித்து, பழைய வாத்தியக்காரர்கள் சிலரைக் கூட்டிவந்து செய்த புதிய பாட்டுகள். உறையையாவது பிரித்தீர்களா?