தம்பியை எங்கே அனுப்புவது?

அன்புள்ள ஐயாவுக்கு,

உசிலம்பட்டிப் பக்கம் ஒரு கிராமம் எங்களுடையது. நான் தனியார் பள்ளியில் ஆசிரியை. எனக்கு 31 வயது, தம்பிக்கு 26. மதுரையில் கல்லூரி இரண்டாம் ஆண்டு படிக்கும்போது, விடுதிப் பையன்கள் தன்னைப் பற்றியே பேசுகிறார்கள் என்று சொல்லிப் பாதியில் வந்துவிட்டான். அப்புறம் யாருமே இல்லாதபோதும் அவனுக்குப் பேச்சுக் குரல் கேட்க ஆரம்பித்தது. கோடாங்கி பார்த்தோம், செய்வினை எடுத்தோம், பாண்டி கோயிலுக்குப் போனோம். அரைக் குறுக்கம் நிலம் இதிலேயே போயிற்று. மனநல மருத்துவரிடம் போய்ச் சேர இரண்டு வருடம் ஆகிவிட்டது. மனச்சிதைவு என்றார். மாத்திரையில் குரல் அடங்கியிருக்கிறது, ஆனால் நாள் முழுக்கப் படுத்தே கிடக்கிறான். ஊரில் யார் கேட்டாலும் "நரம்பு டாக்டர்ட்ட காட்றோம்" என்பார் அம்மா. மாத்திரைகளை அட்டையிலிருந்து பிரித்து ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு வைத்திருக்கிறார். அப்பா அரசுப் பள்ளி ஆசிரியர், மூன்று வருடம் முன்பு தவறிவிட்டார். அதன் பிறகு அம்மா எந்த விசேஷ வீட்டுக்கும் போவதில்லை.

இப்போது எனக்குத் திருமங்கலத்தில் ஒரு வரன் கூடி வந்திருக்கிறது. "கல்யாணம் முடியிற வரைக்கும் ரெண்டு மாசம் பயல எங்கயாவது ஒரு ஹோம்ல விட்ருவோம். கேட்டா வெளியூர்ல வேலைன்னு சொல்லிக்கலாம்" என்கிறார் தாய்மாமா. எனக்கு மனசு ஒப்பவில்லை. அம்மா, "எனக்கு அப்புறம் இவன யாரு பாப்பா, நீயாவது கரை சேரு" என்று அழுகிறார். பத்தில் ஒருவருக்கு மனநோய் என்று படித்தேன். எங்கள் ஊரில் அப்படி யாரையும் காணோமே? "எங்க காலத்துல இதெல்லாம் ஏது, எல்லாம் இந்த செல்லு வந்தப்புறம்தான்" என்கிறார் அப்பத்தா. எனக்குப் பிறக்கிற பிள்ளைக்கும் இது வருமா?

ம.

அன்புள்ள ம.,

தம்பியை எங்கும் அனுப்பாதீர்கள். இதை முதலில் சொல்லிவிடுகிறேன், மற்றதெல்லாம் பிறகு.

நீங்கள் படித்தது, 2015-16இல் பெங்களூருவின் மனநல மருத்துவ நிறுவனமான நிம்ஹான்ஸ் நடத்திய தேசிய மனநலக் கணக்கெடுப்பாக இருக்க வேண்டும். தமிழ்நாடு உட்பட 12 மாநிலங்களில் வீடு வீடாகப் போய்க் கேட்டார்கள். 18 வயது நிரம்பியவர்களில் நூற்றுக்கு 10.6 பேருக்கு அந்த நேரத்தில் ஏதாவது ஒரு மனநலக் கோளாறு இருந்தது. குடியால் வரும் கோளாறு மட்டுமே 4.6 பேருக்கு. மனச்சோர்வு, பதற்றம் எல்லாம் இந்த 10.6க்குள் வருகின்றன. உங்கள் தம்பிக்கு இருப்பதைப் போன்ற கடுமையான நோய்கள் 0.8 பேருக்கு. அந்த விகிதப்படி, பெரியவர்கள் ஆயிரம் பேர் இருக்கிற ஊரில் இப்படி எட்டுப் பேர் இருக்க வேண்டும். யாரையும் காணோம் என்கிறீர்கள். இரண்டு தெரு தள்ளி இன்னொரு அக்கா தன் ஜன்னலைச் சாத்திக்கொண்டு, நம்மைத் தவிர இந்த ஊரில் யாருக்கும் இந்தக் கஷ்டம் இல்லை என்று நினைத்துக்கொண்டிருக்கலாம். டாஸ்மாக் திறப்பதற்கு முன்பே கை நடுங்க வாசலில் நிற்கிறவரைக் குடிகாரன் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். உடம்பு வலி, படபடப்பு, தூக்கமில்லை என்று மாதா மாதம் ஊசி போட்டுக்கொள்கிற பெண்ணை நாம் யாரும் இந்தக் கணக்கில் சேர்ப்பதே இல்லை. இத்தனைக்கும் அது வீடுகளில் எடுத்த கணக்கு. மாட்டுத்தாவணியில் சடை விழுந்த தலையோடு பஸ்ஸுக்குப் பஸ் கையேந்துகிறவர்கள் அதில் வரமாட்டார்கள்.

அதே கணக்கெடுப்பில், சிகிச்சை தேவைப்பட்டவர்களில் நோயைப் பொறுத்து 70 முதல் 92 சதவீதம் பேர் சிகிச்சைக்கு வெளியே இருந்தார்கள். உங்கள் அம்மா எவ்வளவு பயந்து, எவ்வளவு மறைத்து என்றாலும், தம்பியைச் சிகிச்சைக்குள் கொண்டுவந்து வைத்திருக்கிறார். அதை அவரிடம் ஒரு முறை வாய் விட்டுச் சொல்லுங்கள்.

அப்பத்தாவிடம் வாதாட வேண்டாம். ஒரு மத்தியானம் வெற்றிலை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும்போது, பிள்ளை பெற்ற சில நாளில் கிணற்றில் விழுந்த மருமகள் யாராவது உண்டா, சொல்லாமல் கொள்ளாமல் காசிக்குப் போய்த் திரும்பாத சித்தப்பா யாராவது உண்டா, மாட்டுக் கொட்டத்துக்குப் பின்னால் அறையில் பூட்டி வைத்துச் சோறு போட்ட ஆள் யாராவது உண்டா என்று கேளுங்கள். பெயர் பெயராகச் சொல்வார். சென்னையில் கம்பெனி ஆட்சிக் காலத்தில், 1794லேயே, இதற்கென்று ஓர் ஆஸ்பத்திரி வந்துவிட்டது. செல்போன் தூக்கத்தைக் கெடுக்கும், பதற்றத்தைக் கூட்டும். மனச்சிதைவை அது கொண்டுவரவில்லை.

இந்தச் சதவீதங்களில் எனக்கு ஒரு குறை உண்டு. அவை ஆளை எண்ணுகின்றன. உங்கள் வீட்டில் தம்பி ஒருவன்தான் கணக்கில் ஏறுவான். மூன்று வருடமாக ஒரு பந்தியில் உட்காராத அம்மாவும், 31 வயதுவரை வரன்களைத் தட்டிக்கழித்த நீங்களும் அதில் இல்லை. சிகிச்சைக்கும் போக்குவரத்துக்குமாகக் குடும்பங்கள் மாதம் 1,000 முதல் 1,500 ரூபாய் வரை செலவழிப்பதாக அந்த அறிக்கையே சொல்கிறது. கோடாங்கிக்குப் போன அரைக் குறுக்கத்தை அதில் எங்கே சேர்ப்பது?

நீங்களே ஒரு தாளை எடுத்துக் கணக்குப் போட்டுப் பாருங்கள். நோயால் போனது ஒரு பக்கம், மறைத்ததால் போனது இன்னொரு பக்கம். அவன் படிப்பு நோயால் நின்றது. சரி. ஆனால் முதல் இரண்டு வருடம்? இந்த நோயில் சிகிச்சை தொடங்கத் தாமதமாகத் தாமதமாகத் தேறுவதும் கடினமாகிறது என்பது பல ஆய்வுகளில் திரும்பத் திரும்பக் கண்டது. அந்த இரண்டு வருடத்தில் வெளியே தெரிந்துவிடக் கூடாது என்ற பயத்துக்கு எவ்வளவு பங்கு என்று உங்களுக்குத்தான் தெரியும். அவன் படுத்தே கிடப்பதில் பெரும் பகுதி நோயின் குணம். ஊக்கம் வற்றிப்போவதும், குளிக்கத் தோன்றாததும், ஆட்களை விட்டு விலகுவதும் நோயின் அறிகுறிகள்தான், சோம்பேறித்தனம் என்று திட்டினால் மாறாது. வீட்டில் ஓயாத திட்டும் குற்றச்சாட்டும் இருந்தால் நோய் திரும்ப வரும் வாய்ப்பு அதிகம் என்றும் கண்டிருக்கிறார்கள். ஆனால் அவன் எழுந்து டீக்கடை வரைக்கும் போக நினைத்தாலும் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று தடுப்பது யார்? அது இரண்டாவது பக்கத்தில் வரும். எனக்குத் தெரிந்த வீடுகளில் எல்லாம் அந்த இரண்டாவது பக்கம்தான் நீளமாக இருந்தது.

இப்போது கல்யாணம். சோழவந்தான் பக்கம் எனக்குத் தெரிந்த குடும்பம் ஒன்று. பெண்ணுக்கே இந்த நோய், மாத்திரையில் நன்றாக இருந்தாள். சொல்லாமல் கட்டிக்கொடுத்தார்கள். பவுடர் டப்பாவில் ஒரு மாத மாத்திரையைப் போட்டு அனுப்பினார் அம்மா. புது வீட்டில் எல்லாரும் ஒரே கூடத்தில் படுக்கை. ராத்திரி எழுந்து டப்பாவைத் திறந்தால் நாத்தனார் விழிப்பாள். அதனால் முதலில் ஒரு நாள் விட்டாள், அப்புறம் ஒரு வாரம் விட்டாள். பிறகு டப்பாவைத் தொடவே இல்லை. ஆடிக்கு அழைத்துவந்த பெண்ணை அவர்கள் திரும்பக் கூப்பிடவில்லை. மனச்சிதைவு நோயாளிகளுக்காக நடக்கும் சென்னை ஸ்கார்ஃப் அமைப்பின் மருத்துவர் ஆர். தாரா, மனச்சிதைவு வந்து மணவாழ்வு முறிந்த பெண்களைப் பற்றி ஆய்ந்து 2003இல் எழுதியிருக்கிறார். சட்டப்படி விவாகரத்தும் இல்லாமல், ஜீவனாம்சமும் இல்லாமல், வயதான பெற்றோர் வீட்டில் வந்து கிடக்கும் பெண்கள். அந்த வரிசையில் இந்தப் பெண்ணும் போய்ச் சேர்ந்தாள்.

உங்கள் விஷயம் வேறு, நோய் உங்களுக்கு இல்லை. ஆனால் மாமாவின் யோசனையை இரண்டு மாதம் தள்ளி வைத்துப் பாருங்கள். "வெளியூர் வேலை"யிலிருந்து தம்பி எப்போது வருவான்? மறுவீட்டுக்கு மாப்பிள்ளை வரும்போது எந்த அறையில் இருப்பான்? வளைகாப்புக்கு? பிள்ளைக்குக் காது குத்தும்போது தாய்மாமன் மடியில் உட்கார வைக்க வேண்டுமே, அப்போது? நம் பக்கத்தில் தாய்மாமன் இல்லாமல் ஒரு காரியம் நடக்குமா? ஒவ்வொரு விசேஷத்துக்கும் புதிதாக ஒரு பொய் தேடிக்கொண்டிருப்பீர்கள். என்றைக்காவது ஒருநாள் தெரிந்துவிடும், அப்போது பேச்சு தம்பியின் நோயைப் பற்றி இருக்காது, உங்களைப் பற்றி இருக்கும்.

சொல்லிவிடுங்கள். நிச்சயத்துக்கு முன்பே, தரகர் வழியாக இல்லாமல், நீங்களே மாப்பிள்ளையிடம். என் தம்பிக்கு மனச்சிதைவு நோய் இருக்கிறது, மாத்திரை சாப்பிடுகிறான், அவன் பொறுப்பில் எனக்கும் பங்கு உண்டு என்று மூன்று வாக்கியம் போதும். வரன் தட்டிப்போகலாம். போகாது என்று உங்களிடம் நான் சொல்ல முடியாது, திருமங்கலத்தையும் உசிலம்பட்டியையும் அறிந்தவன் யாரும் சொல்ல மாட்டான். அப்படித் தட்டிப்போனால் உங்களுக்கு ஆகும் நட்டத்தை நான் சிறிதாக்கிப் பேசவில்லை. ஆனாலும் சொல்லுங்கள் என்றுதான் சொல்வேன்.

பிள்ளைக்கு வருமா என்று அவர்களும் கேட்பார்கள், அதனால் பதிலைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். பொதுவாக நூறு பேரில் ஒருவருக்கு வாழ்நாளில் இந்த நோய் வரும் வாய்ப்பு உண்டு. உடன்பிறந்தவருக்கு இருந்தால் அது நூற்றில் ஒன்பது, பத்து. தாய்மாமனுக்கு இருந்தால் பிள்ளைக்கு மூன்று, நான்கு. அதாவது உங்கள் பிள்ளையைப் போன்ற நூறு பேரில் 96 பேருக்கு வராது. மனச்சிதைவு பெரும்பாலும் பதின்வயதின் கடைசியிலும் இருபதுகளிலும் தொடங்குவது. நீங்கள் அந்த வயதைத் தாண்டிவிட்டீர்கள். இதற்கு மேல் சந்தேகம் இருந்தால் தம்பியின் மருத்துவரிடமே மாப்பிள்ளையை அழைத்துப் போங்கள்.

"ஏதாவது ஒரு ஹோம்" என்று மாமா சொல்கிறபோது எனக்கு ராமநாதபுரம் பக்கத்து ஏர்வாடிதான் நினைவுக்கு வருகிறது. மனநோயாளிகளைத் தர்காவுக்குக் கொண்டுவரும் ஊர். 2001 ஆகஸ்ட் 6, விடிகாலை. தனியார் காப்பகம் ஒன்றில் தீப்பிடித்தது. 28 பேர் இறந்தார்கள். சங்கிலியால் கட்டப்பட்டிருந்ததால் அவர்களால் ஓட முடியவில்லை. அவர்களை அங்கே கொண்டுபோய் விட்டது அவர்கள் வீட்டுக்காரர்கள்தான். வீட்டில் வைத்துப் பார்க்க முடியாமல், வேறு வழி தெரியாமல் விட்டிருப்பார்கள். சிலருக்கு அவர்கள் வீட்டிலும் ஒரு கல்யாணம் வந்திருக்கலாம். 2017 மனநலப் பராமரிப்புச் சட்டம் சங்கிலியால் கட்டுவதை எந்த விதத்திலும் கூடாது என்று தடுத்திருக்கிறது. குடும்பம் ஏற்கவில்லை என்பதற்காக ஒருவரைக் காப்பகத்தில் போட்டு வைக்கக் கூடாது, சமூகத்தில் வாழ்வது அவர் உரிமை என்றும் சொல்கிறது. நல்ல மறுவாழ்வு மையங்கள் இல்லாமல் இல்லை. மதுரையிலேயே எம்.எஸ். செல்லமுத்து அறக்கட்டளை 1992 முதல் இந்த வேலையைச் செய்துவருகிறது. தம்பிக்குப் பகல் நேரப் பயிற்சியோ தொழிலோ கிடைக்குமா என்று அப்படி ஓர் இடத்தில் கேட்பது வேறு, பந்தலிலிருந்து மறைக்க இரண்டு மாதம் விடுவது வேறு.

பாண்டி கோயிலுக்குப் போவதை நிறுத்தச் சொல்ல மாட்டேன். அம்மாவுக்கு அங்கே கிடைக்கிற தெம்பை நான் மாத்திரையில் தர முடியாது. ஏர்வாடி தர்காவிலேயே பின்னாளில் அரசு மனநல மருத்துவர்கள் வந்து பார்க்கும் ஏற்பாடு செய்தார்கள். துஆ என்கிற வேண்டுதலும் நடக்கிறது, மருந்தும் நடக்கிறது. நீங்களும் அப்படியே வைத்துக்கொள்ளலாம். மாத்திரையை நிறுத்து என்று எந்தப் பூசாரியோ கோடாங்கியோ சொன்னால் மட்டும் எழுந்து வந்துவிடுங்கள்.

அந்த ஹார்லிக்ஸ் பாட்டிலை மாற்றுங்கள். பிரித்துப் போட்ட மாத்திரையில் ஈரம் ஏறும். எது எத்தனை மில்லிகிராம் என்றும் தெரியாமல் போகும். நாளைக்கு ராத்திரி ஏதாவது ஆகிப் பெரியாஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினால், பணியில் இருக்கும் மருத்துவர் என்ன மாத்திரை என்றுதான் முதலில் கேட்பார். வெள்ளையில் ஒண்ணு, மஞ்சளில் ஒண்ணு என்றால் அவர் என்ன செய்வார்? அட்டையோடு வையுங்கள். அம்மாவிடம் இன்னொன்றும் சொல்லுங்கள்: ஊரில் இதைத் தூக்க மாத்திரை என்று சொல்லிக்கொள்கிறார்கள், அப்படி இல்லை. இதை நிறுத்தினால் பெரும்பாலும் மறுநாளே எதுவும் தெரியாது. ஒரு மாதம், சில பேருக்கு இரண்டு மூன்று மாதம்கூட, நன்றாகவே இருப்பான், சுறுசுறுப்பாகக்கூட இருப்பான். "பாத்தியா, மாத்திரை இல்லாமலே தெளிஞ்சுட்டான்" என்று எல்லாரும் சொல்வார்கள். குரல் பெரும்பாலும் அதற்குப் பிறகுதான் திரும்ப வரும். நிறுத்தியதற்கும் திரும்ப வந்ததற்கும் நடுவே இவ்வளவு நாள் இருப்பதால் யாரும் இரண்டையும் சேர்த்துப் பார்ப்பதில்லை. மந்தமாகக் கிடக்கிறான் என்றால் அதை மருத்துவரிடம் சொல்லி, மருந்தையோ அளவையோ மாற்ற முடியுமா என்று கேளுங்கள். மதுரைக்கு அலைய முடியாத மாதங்களில், மாவட்ட மனநலத் திட்டத்தின் மருத்துவர் உங்கள் பக்கத்து அரசு ஆஸ்பத்திரிக்கு எந்தக் கிழமை வருகிறார் என்று விசாரியுங்கள். ராத்திரியில் பேச ஆள் வேண்டுமென்றால் 14416. அரசின் இலவச எண், தமிழில் பேசலாம். தம்பிக்கு மட்டுமல்ல, உங்களுக்கும் அம்மாவுக்கும் சேர்த்துத்தான்.

கடைசியாக, எனக்கு அப்புறம் யார் என்று அம்மா அழுவது. உங்கள் கடிதத்தில் என்னை அதிகம் அலைக்கழித்தது அதுதான். அப்பா அரசு ஆசிரியர் என்கிறீர்கள். மனநலக் குறைபாட்டால் பிழைப்புத் தேட முடியாத மகனுக்கு, 25 வயதைத் தாண்டியிருந்தாலும், தாய்க்குப் பிறகு குடும்ப ஓய்வூதியம் வாழ்நாள் முழுக்கக் கிடைக்க விதியில் இடம் உண்டு. நிபந்தனைகள் உண்டு, மருத்துவச் சான்று வேண்டும், நோய் எப்போதிருந்து என்று கேட்பார்கள். 2016 மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் மனநோயும் சேர்ந்திருக்கிறது. 40 சதவீதமும் அதற்கு மேலும் என்று அரசு மருத்துவர் மதிப்பிட்டால் அடையாள அட்டை கிடைக்கும். இதற்கெல்லாம் காகிதம் வேண்டும். நரம்பு டாக்டர் என்று சொல்லிச் சொல்லி, சீட்டையும் கிழித்துப் போட்டிருந்தால், உங்கள் தம்பிக்கு நோய் இருந்ததற்கே சாட்சி இருக்காது.

முதலில் காட்டிய மருத்துவரிடம் போய்ப் பழைய பதிவுகளின் நகல் கேட்டு வாங்குங்கள். மருந்துக்கடைச் சீட்டுகள் கிடைத்தாலும் சேர்த்து வையுங்கள். அப்பாவின் ஓய்வூதியப் புத்தகத்தோடு அம்மாவைக் கருவூலத்துக்கு அழைத்துப்போய், மகனை எப்படிச் சேர்ப்பது என்று எழுத்தில் கேளுங்கள். இது கல்யாண வேலைகளுக்கு முன்பே நடக்கட்டும். அம்மா கல்யாண நகைக்குத் தங்கம் எடுக்கப் போகும்போது கையில் அந்த மனுவின் ரசீதும் இருக்க வேண்டும். மாப்பிள்ளை என்ன சொன்னார் என்று எழுதுங்கள். எதுவானாலும் எழுதுங்கள்.